நாயகிக்குப் பத்தாண்டு, அம்மாவுக்கு நாற்பதாண்டு: தமிழ்த் திரையில் குணச்சித்திர நடிகையர்

கிழக்குக் கடற்கரைச் சாலையோரத்துக் கடப்பாக்கத்தில் சினிமாப் பேச்சு எழுந்தால், நாயகன், நாயகி இருவரின் பெயரும் எல்லாருக்கும் தெரிந்திருக்கும். மற்ற நடிகையரை உறவைச் சொல்லித்தான் அடையாளம் காட்டுவார்கள். "அந்தப் படத்துல அம்மாவா வருவாங்களே", "அந்தச் சண்டைக்காரப் பாட்டி" என்பார்கள். முகம் நன்றாக நினைவிருக்கும், குரல் அதைவிட நன்றாக நினைவிருக்கும். பெயர் மட்டும் வாயில் வராது. மக்கள் மனத்தில் இவ்வளவு ஆழமாகப் பதிந்தவர்களின் தொழில் வாழ்க்கையைப் பற்றி நாம் எழுதி வைத்திருப்பது மிகக் குறைவு. அவர்கள் எங்கிருந்து வந்தார்கள், எப்படி நிலைத்தார்கள், என்ன பெற்றார்கள், எதை இழந்தார்கள் என்பதைத் தொகுத்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். குணச்சித்திர நடிப்பு நாயகி வேடம் கிடைக்காதவர்கள் ஒதுங்கும் இடம் என்ற எண்ணம் பரவலாக உள்ளது. வரலாறு அதற்கு நேர்மாறானதைக் காட்டுகிறது. அது தனிப் பயிற்சியும் தனித் திறமையும் கொண்ட முழுத் தொழில். அதற்குரிய பாதுகாப்பைத்தான் நாம் இன்னும் உருவாக்கவில்லை.

மேடையிலிருந்து வந்தவர்கள்

செய்யூர், மதுராந்தகம், காஞ்சிபுரம் பக்கத்துக் கூத்து மரபில் பெண் வேடங்களை ஆண்களே கட்டி வந்தார்கள். திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில் விடிய விடிய நடக்கும் பாரதக் கூத்தில் துகில் உரியப்படும் பாஞ்சாலியும் ஓர் ஆண்தான். காஞ்சிபுரம் அருகே புஞ்சரசந்தாங்கலில் இயங்கிய கட்டைக்கூத்து குருகுலம் பெண் பிள்ளைகளையும் சேர்த்துப் பயிற்சி கொடுத்தது அண்மைக் காலத்து மாற்றம். சங்கரதாஸ் சுவாமிகள் வளர்த்த பாலர் நாடக சபைகளிலும் சிறுவர்களே பெண் வேடம் போட்டார்கள். ஆகவே திரைக்கு வந்த நடிகையருக்குப் பள்ளிக்கூடமாக இருந்தவை வேறு: தெற்கே செழித்த ஸ்பெஷல் நாடகங்கள், பெண்களே நடத்திய நாடகக் குழுக்கள், பின்னர் திராவிட இயக்கக் காலத்து நாடக மன்றங்கள்.

ஸ்பெஷல் நாடகத்தில் வெவ்வேறு ஊர்களிலிருந்து வரும் நடிகர்கள் ஒத்திகையே இல்லாமல் அன்றிரவு மேடையில் சந்திப்பார்கள். எதிரே நிற்பவர் எந்தப் பாட்டை எடுப்பார், எந்த வாதத்தைத் தொடுப்பார் என்பது முன்கூட்டித் தெரியாது. அந்த இடத்திலேயே பதில் சொல்ல வேண்டும். கொடுமுடியிலிருந்து வந்த கே.பி. சுந்தராம்பாள் இந்த மேடையில் உருவானவர். 'பூம்புகார்' (1964) படத்தின் கவுந்தியடிகளும் 'திருவிளையாடல்' (1965) படத்தின் ஔவையாரும் கதையின் மையப் பாத்திரங்கள் அல்லர். ஆனால் அவர் திரையில் நிற்கும் வரை வேறு யாரையும் பார்க்க முடியாது. ஒரு காட்சியை மட்டும் கொடுத்தாலும் அதை முழுதாக ஆளும் திறன் மேடை தந்த சொத்து. பின்னால் வந்த குணச்சித்திர நடிகையருக்கு அதுவே மூலதனமாயிற்று.

இன்னொரு தடமும் இருந்தது. 'வசந்தசேனா' (1936) காலத்தில் என்.எஸ். கிருஷ்ணனுடன் இணைந்த டி.ஏ. மதுரம், மூலக்கதைக்கு வெளியே தனியாக ஓடும் நகைச்சுவைப் பகுதியில் நாயகிக்கு நிகரான இடத்தைப் பிடித்தார். 'கல்யாணப் பரிசு' (1959) படத்தில் தங்கவேலு–எம். சரோஜா, அதன் பின் நாகேஷ்–மனோரமா என்று இந்த இணை மரபு நீண்டது. டி.பி. முத்துலட்சுமியும் இதே தடத்தில் வந்தவர். கதாநாயகி அழகாகவும் அடக்கமாகவும் இருந்தாக வேண்டிய காலத்தில், வாயாடவும் கேலி செய்யவும் கணவனைக் கேள்வி கேட்கவும் ஒரு பெண்ணுக்குத் திரையில் உரிமை இருந்தது இந்தத் தடத்தில்தான்.

தாயாகும் நாயகியர்

குணச்சித்திர வேடத்துக்கு வரும் இரண்டாவது வழி, நாயகியாக இருந்து இறங்குவது. 'கண்ணகி' (1942) படத்தின் கண்ணகியான பி. கண்ணாம்பா, பன்னிரண்டு ஆண்டுகளில் 'மனோகரா' (1954) படத்தில் சிவாஜி கணேசனின் தாயானார். 'உத்தமபுத்திரன்' (1940) நாயகி எம்.வி. ராஜம்மா 'கர்ணன்' (1964) படத்தில் குந்தியானார். இவர்களைவிட வியப்புக்குரியவர் பண்டரிபாய். 'பராசக்தி' (1952), 'அந்த நாள்' (1954) ஆகிய படங்களில் சிவாஜிக்கு இணையாக நடித்தவர் அவர். 'தெய்வமகன்' (1969) படத்தில் சிவாஜி ஏற்ற மூன்று வேடங்களில் ஒருவருக்கு மனைவி, மற்ற இருவருக்கும் தாய். 'மன்னன்' (1992) படத்தில் ரஜினிகாந்தின் தாயாக வந்தபோது அவர் திரைக்கு வந்து நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது.

ஆணுக்கும் பெண்ணுக்கும் திரையில் காலம் ஓடும் வேகம் வேறு. இதற்கு ஸ்ரீவித்யாவைப் போல் தெளிவான சான்று வேறில்லை. 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் கமல்ஹாசன் அவரைக் காதலிப்பவர், ரஜினிகாந்த் அவரைப் பிரிந்து போன கணவர். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் கமலுக்கும் 'தளபதி' (1991) படத்தில் ரஜினிக்கும் அவரே தாய். ஸ்ரீவித்யா பிறந்தது 1953, கமல் 1954, ரஜினி 1950. 'அவர்கள்' (1977) படத்தில் ரஜினியின் மனைவியாக நடித்த சுஜாதா, 'பாபா' (2002) படத்தில் அவருக்குத் தாய். வடிவுக்கரசி 'கன்னிப் பருவத்திலே' (1979) படத்தின் நாயகி. ஆறே ஆண்டுகளில் 'முதல் மரியாதை' (1985) படத்தில், தம் தந்தை வயதுடைய சிவாஜிக்கு மனைவியாக, வெறுப்பும் வீம்பும் நிறைந்த பொன்னாத்தாவாக நின்றார். 'அருணாச்சலம்' (1997) படத்தில் தம்மைவிட மூத்தவரான ரஜினிக்குப் பாட்டியானார்.

இதில் இரண்டு உண்மைகள் அடங்கியுள்ளன. நாற்பதைத் தொடாத ஒரு பெண்ணின் மீது ஊரே சேர்ந்து நரையைப் பூசியது ஓர் அநீதி. அவளுடைய வயதுக்கு ஏற்ற வாழ்க்கை, அதாவது வேலைக்குப் போகும், காதலிக்கும், முடிவெடுக்கும் நாற்பது வயதுப் பெண்ணின் வாழ்க்கை, திரைக்கதைகளில் எழுதப்படவே இல்லை. ஆனால் அந்த நரையை ஏற்ற நடிகைகள் அதற்குள் ஒரு கலையை வளர்த்தார்கள். பொன்னாத்தாவை வில்லி என்று ஒதுக்கிவிட முடியாதபடி, ஏமாற்றத்தில் இறுகிப்போன ஒரு பெண்ணாக நமக்குக் காட்டியது வடிவுக்கரசியின் நடிப்பு. 'நாயகன்' (1987) படத்தில் அறிமுகமான சரண்யா, 'ராம்' (2005), 'தவமாய் தவமிருந்து' (2005), 'எம் மகன்' (2006), 'களவாணி' (2010) என்று அடுத்தடுத்து அம்மாவாக வந்தும் ஓர் அம்மாவை இன்னோர் அம்மாவின் நகலாக விடவில்லை.

மனோரமா: ஒரு முழு வாழ்க்கை

இத்துறையின் முழு நீளத்தையும் ஒரே வாழ்க்கையில் பார்க்க வேண்டுமானால் மனோரமாவைத்தான் பார்க்க வேண்டும். 1937இல் மன்னார்குடியில் பிறந்தவர், இயற்பெயர் கோபிசாந்தா. தாயுடன் காரைக்குடி பக்கத்துப் பள்ளத்தூருக்கு வந்து, வறுமையில் வளர்ந்து, சிறு வயதிலேயே நாடக மேடை ஏறினார். 'பள்ளத்தூர் பாப்பா' என்பது அந்நாளைய அழைப்புப் பெயர். எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றத்தில் நடித்தார். மேடையில் நாயகியாக இருந்தவருக்குக் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை' (1958) படத்தில் கிடைத்தது நகைச்சுவை வேடம். 'கொஞ்சும் குமரி' (1963) படத்தில் நாயகியாகவும் நடித்துப் பார்த்தார். ஆனால் அவரை நிலைநிறுத்தியது மற்ற வேடங்களே.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தின் ஜில் ஜில் ரமாமணியை எடுத்துக்கொள்வோம். நாதஸ்வரக் கலைஞனும் நாட்டியக்காரியும் மோதும் உயர்கலைக் கதையில், டிராமா கொட்டகையின் பிரதிநிதியாக வருபவள் அவள். அலட்டலும் ஆரவாரமும் நிறைந்தவள். ஆனால் தன் கலையையும் மற்றவர் கலையையும் மதிக்கத் தெரிந்தவள். மனோரமா அவளைச் சிரிப்புக்காக மட்டும் நடித்திருந்தால் அந்தப் பாத்திரம் அன்றோடு போயிருக்கும். தாம் வந்த மேடையையே அவர் அந்தப் பெண்ணுக்குள் கொண்டுவந்து வைத்தார். அதே ஆண்டு வந்த 'பொம்மலாட்டம்' படத்தில் மெட்ராஸ் பேச்சில் அவர் பாடிய பாட்டு, நகரத்து உழைக்கும் பெண்ணின் குரலைத் திரைக்குக் கொண்டுவந்தது. 'சம்சாரம் அது மின்சாரம்' (1986) படத்தில் வேலைக்காரி கண்ணம்மா, 'சின்னக் கவுண்டர்' (1992) படத்தில் கிராமத்துத் தாய் என்று அவர் தொட்ட வர்க்கங்களும் வட்டாரங்களும் எந்த நாயகிக்கும் வாய்க்காதவை.

ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் நடித்ததற்காகக் கின்னஸ் ஏட்டில் இடம்பெற்றார். அண்ணாதுரை, மு. கருணாநிதி ஆகியோருடன் மேடையிலும், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி. ராமராவ் ஆகியோருடன் திரையிலும் நடித்து, ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர் என்ற பெருமை பெற்றார். 2002இல் பத்மஸ்ரீ. 2015 அக்டோபரில் சென்னையில் மறைந்தார். ஆயிரம் என்ற எண்ணைப் பெருமையாகச் சொல்கிறோம். அந்த எண்ணின் மறுபக்கம், ஒரே நாளில் வெவ்வேறு தளங்களுக்கு ஓடி, சில நாள் கால்ஷீட்டில் வேடம் முடித்து, அடுத்த படத்துக்குப் போக வேண்டியிருந்த உழைப்பு. நாயகிக்கு ஒரு படம் தரும் வருமானத்தை ஈட்ட இவர்களுக்குப் பல படங்கள் தேவைப்பட்டன.

வட்டாரப் பேச்சின் காவலர்கள்

இந்த நடிகையரின் பங்களிப்பில் அதிகம் பேசப்படாதது மொழி. நாயகியர் பலர் பிற மொழிகளிலிருந்து வந்தவர்கள். அவர்களுக்கு வேறொருவர் குரல் கொடுப்பார். அந்தக் குரல் பெரும்பாலும் ஊர் பேர் தெரியாத பொதுத் தமிழ் பேசும். படம் நடக்கும் மண்ணின் பேச்சைத் தாங்கி நின்றவர்கள் அம்மாக்களும் அத்தைகளும் பாட்டிகளும்தான். மானாமதுரையைச் சேர்ந்த காந்திமதி '16 வயதினிலே' (1977) படத்தில் மயிலின் தாய் குருவம்மாளாக வந்தபோது, தென்மாவட்டத்துப் பெண்ணின் ஏச்சும் கரிசனமும் ஒரே மூச்சில் வெளிப்பட்டன. 'மண் வாசனை' (1983), 'கரகாட்டக்காரன்' (1989) என்று அந்தக் குரல் தொடர்ந்தது. விருதுநகர் பக்கத்துச் சிற்றூரிலிருந்து வந்த எஸ்.என். லட்சுமி 'சர்வர் சுந்தரம்' (1964) படத்தில் நாகேஷின் தாயாக வந்து, 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தின் பாட்டியாக வளர்ந்து, 'தென்றல்' தொடர் வரை நடித்தார். கோவை சரளா கொங்குத் தமிழை நகைச்சுவைக்குரிய பேச்சாக மட்டும் விடாமல், 'சதிலீலாவதி' (1995) படத்தில் கமலுக்கு இணையான நாயகியின் மொழியாகவே ஆக்கினார். 'செம்பி' (2022) படத்தில் ஒரு மலைக்கிராமத்துப் பாட்டியாகக் கதையையே சுமந்தார்.

கிராமத்துக் கதைகளை எழுதியவர்களையும் இயக்கியவர்களையும் போற்றுகிறோம். அந்த வசனங்களுக்கு ஏற்ற இறக்கமும் இடைநிறுத்தமும் கொடுத்து உயிராக்கியவர்கள் இந்த நடிகையர். அடுத்த நூற்றாண்டில் ஒருவர் இருபதாம் நூற்றாண்டுத் தமிழ்ப் பெண்கள் எப்படிப் பேசினார்கள் என்று தேடினால், இவர்கள் நடித்த காட்சிகள் அவருக்கு முதன்மைச் சான்றாகும்.

விருதுகள் சொல்வது

சிறந்த நடிகைக்கான தேசிய விருது 1967ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து வழங்கப்படுகிறது. சிறந்த துணை நடிகைக்கான விருது வந்தது 1984ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். தாமதம் நம் நாட்டுக்கு மட்டும் உரியதல்ல. ஆஸ்கர் குழு துணை நடிகர் பிரிவை 1936ஆம் ஆண்டுப் படங்களுக்குத் தொடங்கியபோது அவர்களுக்குச் சிலை தரவில்லை, பட்டயம் மட்டுமே தந்தது. முழுச் சிலைக்கு 1943ஆம் ஆண்டுப் படங்கள் வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

தமிழ்ப் படங்களுக்காகத் துணை நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றவர்கள் மனோரமா ('புதிய பாதை', 1989), ரேவதி ('தேவர் மகன்', 1992), சுகுமாரி ('நம்ம கிராமம்', 2010), லட்சுமி பிரியா சந்திரமௌலி ('சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்', 2020). இந்தச் சிறு பட்டியலை நிறுத்திப் பார்க்க வேண்டும். ரேவதி அப்போது முன்னணி நாயகி. லட்சுமி பிரியா நடித்தது படத்தின் தலைப்பிலேயே பெயர் உள்ள சிவரஞ்சனியாக. வாழ்நாள் முழுவதும் குணச்சித்திர வேடங்களிலேயே உழைத்து இதைப் பெற்றவர்கள் மனோரமாவும், நாகர்கோவிலில் பிறந்து சோவின் நாடகக் குழுவிலும் நடித்துப் பல மொழிகளில் பெயர் பெற்ற சுகுமாரியும்தான். காந்திமதிக்கும் எஸ்.என். லட்சுமிக்கும் அந்தப் பட்டியலில் இடமில்லை. எதிர்த்திசையில் ஓர் ஒளியும் உண்டு. 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010) படத்தில் தாயாக நடித்த சரண்யா பொன்வண்ணனுக்குச் சிறந்த நடிகை விருதே கிடைத்தது. பாத்திரத்தை முழுமையாக எழுதினால் அம்மாவே படத்தின் நாயகியாவாள் என்பதை அந்தப் படம் நிறுவியது.

கூலியும் காப்பும்

குணச்சித்திர நடிகைக்கு ஊதியம் பெரும்பாலும் நாள் கணக்கு. நாயகனோடு சேர்ந்து வரும் காட்சிகளை எடுக்க அவருடைய தேதி கிடைக்கும் வரை காத்திருக்க வேண்டும். அந்தக் காத்திருப்பு நாட்களில் வேறு படத்தை ஒப்புக்கொள்ளவும் முடியாது. வசூல் உயர்ந்தாலும் அதில் பங்கில்லை. பழைய படம் தொலைக்காட்சியில் நூறு முறை ஓடினாலும் அதற்கென்று ஒரு காசும் வராது. 1993இல் சன் தொலைக்காட்சி வந்த பின், குறிப்பாக 1999இல் 'சித்தி' தொடங்கி வைத்த நெடுந்தொடர் காலத்தில், ஒரு மாற்றம் வந்தது. ஆண்டுக்கணக்கில் ஓடும் தொடர், பல மூத்த நடிகையருக்கு முதல்முறையாக மாதந்தோறும் நிலையான வருமானம் தந்தது. அதற்கு விலையும் இருந்தது. நீண்ட வேலை நேரம், சேலையும் நகையும் சொந்தமாகக் கொண்டுவரும் வழக்கம், கதை திசை மாறினால் ஒரே வாரத்தில் பாத்திரம் முடிந்துபோகும் நிச்சயமின்மை.

சட்டம் இல்லாமல் இல்லை. திரைத் தொழிலாளர் பணி ஒழுங்குமுறைச் சட்டமும் நலநிதிச் சட்டமும் 1981இலேயே வந்தன. எழுத்து ஒப்பந்தம் இன்றி யாரையும் வேலைக்கு வைக்கக் கூடாது என்பது பணி ஒழுங்குமுறைச் சட்டத்தின் அடிப்படையாக இருந்தது. 1952இல் தொடங்கிய தென்னிந்திய நடிகர் சங்கம் நலிந்த கலைஞருக்கு உதவி வருகிறது. ஆனால் உதவி வேறு, உரிமை வேறு. முதுமையில் கைநீட்டிப் பெறுவதை, உழைத்த காலத்திலேயே சேர்த்து வைத்த ஓய்வூதியமாகப் பெற வேண்டும். கேரளத்தில் 2019இல் அளிக்கப்பட்டு 2024இல் வெளியான ஹேமா குழு அறிக்கை, படப்பிடிப்புத் தளங்களில் கழிப்பறையும் உடை மாற்றும் இடமும் இல்லாததைப் பதிவு செய்தது. அதிகம் பாதிக்கப்படுவோர் சிறு வேடங்களில் வரும் பெண்கள் என்பதையும் காட்டியது. கேரவன் வசதி நாயகிக்கு வந்துவிட்டது. கடற்கரையிலும் பொட்டல் காட்டிலும் நடக்கும் படப்பிடிப்பில் மற்றப் பெண்களுக்கு வரவில்லை.

பிரான்சு காட்டும் வழி

கடப்பாக்கத்தை ஒட்டிய ஆலம்பரைக் கோட்டை 1750இல் பிரெஞ்சு ஆளுநர் தூப்ளேயின் கைக்குப் போய், 1760இல் ஆங்கிலேயர் பிடித்துத் தகர்க்கும் வரை பிரெஞ்சுக்காரர் வசம் இருந்தது. அந்தப் பத்தாண்டு ஆட்சியின் மிச்சம் இன்று இடிந்த மதில்களே. பிரான்சிடமிருந்து நாம் இன்று கேட்டு வாங்க வேண்டியது வேறொன்று: கலைஞரைத் தொழிலாளியாக மதிக்கும் ஏற்பாடு.

தொமினிக் பிளான் என்ற நடிகையின் வாழ்க்கையைப் பாருங்கள். பிரான்சின் உயரிய திரை விருதான சேசர், 1976இல் தொடங்கிய முதல் ஆண்டிலேயே துணை நடிகைக்கும் ஒரு பிரிவு வைத்தது. அந்தப் பிரிவில் அவர் 1991, 1993, 1999 என மூன்று முறை வென்றார். 2001இல் சிறந்த நடிகையாகவும் தேர்வானார். திரையோடு மேடையையும் விடாத அவர், 1680ஆம் ஆண்டிலிருந்து இயங்கும் அரசு நாடக நிறுவனமான கொமெதி பிரான்சேஸில் 2016இல் சேர்ந்தார். அங்கே துணை நடிகைக்குத் திரும்பிப் போக ஒரு மேடை இருக்கிறது. புகழ் பெறாதவர்களுக்கும் ஒரு காப்பு உண்டு. பன்னிரண்டு மாதங்களில் 507 மணி நேரம் வேலை செய்ததற்குச் சான்று காட்டும் கலைஞருக்கு, வேலையில்லா நாட்களில் காப்பீட்டுத் தொகை கிடைக்கிறது. ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடைப்பட்ட நாட்களும் இந்தத் தொழிலின் பகுதியே என்று அரசு ஒப்புக்கொண்டிருப்பதுதான் அதன் உட்பொருள். 2015இல் கான் விழாவில் தங்கப் பனை விருது பெற்ற 'தீபன்' என்ற பிரெஞ்சுப் படத்தில், யாழினியாகத் தமிழிலேயே பேசி நடித்தவர் சென்னையைச் சேர்ந்த காளீஸ்வரி சீனிவாசன். நம் நடிகையரின் திறமை எந்தத் திரைக்கும் குறைந்ததல்ல. குறைவு ஏற்பாடுகளில்தான்.

செய்ய வேண்டியவை

முதலாவது, பதிவு. ஒவ்வொரு குணச்சித்திர நடிகையும் எந்தப் படத்தில் எந்தப் பாத்திரத்தில் நடித்தார் என்ற முழுப் பட்டியலை அரசின் திரைப்படக் கல்லூரியும் பல்கலைக்கழகத் தமிழ்த் துறைகளும் சேர்ந்து உருவாக்க வேண்டும். மூத்தவர்கள் நம்மோடு இருக்கும்போதே அவர்கள் நினைவுகளை ஒலியாகவும் ஒளியாகவும் பதிய வேண்டும். இரண்டாவது, எழுத்து ஒப்பந்தம், மறு ஒளிபரப்பில் சிறு பங்கு, வேலை நாட்களைக் கணக்கிட்டுச் சேரும் ஓய்வூதியம். பிரான்சின் 507 மணி நேரக் கணக்கைப் போல, நம் கால்ஷீட் நாட்களுக்கும் ஒரு கணக்கு வைப்பது முடியாத காரியமல்ல. மூன்றாவது, எழுத்து. நாற்பது வயதுப் பெண்ணை நாயகனின் தாயாக மட்டும் எழுதும் பழக்கத்தைத் திரைக்கதை ஆசிரியர்கள் விட வேண்டும். ஊர்வசி மையப் பாத்திரமான 'ஜே. பேபி' (2024) போன்ற படங்கள் அதற்கான பார்வையாளர் இருப்பதைக் காட்டிவிட்டன.

இவை எவையும் சலுகைகள் அல்ல. தமிழ்த் திரையில் வீடு என்றும் ஊர் என்றும் நாம் நம்பிய அனைத்தையும் நம்பத்தக்கதாக்கியவர்கள் இந்தப் பெண்கள். அவர்கள் உழைப்பை முழுநேரத் தொழிலாகக் கணக்கில் எடுத்து, கூலியும் காப்பும் பெயரும் அவர்கள் வாழும் காலத்திலேயே கொடுப்பது திரைத்துறையும் அரசும் பார்வையாளரும் சேர்ந்து தீர்க்க வேண்டிய கடன்.